ஏரியும் கொழுந்தும்: காசல்ரீ, மவுசாகலை ஆவணப்படம் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

இலங்கை மலையகத்தில் ஹட்டனிலிருந்து நோர்வூட் பஸ்ஸில் ஜன்னலோரமாக உட்கார்ந்து வந்தால், டிக்கோயா தாண்டியதும் சவுக்கு மரங்களுக்கு இடையில் தண்ணீர் மினுங்கத் தொடங்கும். அதுதான் காசல்ரீ. மஸ்கெலியாப் பக்கம் போனால் மவுசாகலை. இந்த இரண்டு நீர்த்தேக்கங்களையும், கரையில் நடக்கும் தேயிலை வேலையையும், அந்தத் தண்ணீரில் பிறக்கும் மின்சாரத்தையும் பற்றி 24 நிமிடத்தில் ஓர் ஆவணப்படம் எடுத்தோம். நாங்கள் என்றால் இரண்டே பேர். கமரா நான், ஒலி என் நண்பன். இருவரும் லயத்தில், அதாவது தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீட்டில், பிறந்தவர்கள். தோட்டத்து மண்டபம், கோயில் முன்றல், பாடசாலை, கொழும்பில் ஓரிரு இடம் என்று படத்தைப் போட்டுக் காட்டியபோது திரும்பத் திரும்ப வந்த கேள்விகள் இவை. ஒரே பதிலைச் சொல்லிச் சொல்லி எனக்கே என் குரல் அலுத்துவிட்டது, அதனால் எழுதி வைத்துவிடலாம் என்று தோன்றியது.

படம் ஏரியைப் பற்றியதா, தேயிலையைப் பற்றியதா?

முதலில் தேயிலையைப் பற்றித்தான் எடுக்கப் போனோம். ஏரி பின்னணியில் அழகுக்கு நிற்கும் என்று நினைத்தோம். மூன்றாம் நாள் படப்பிடிப்பில் ஒரு பெரியவர், "தம்பி, நீங்க கமராவ வச்சிருக்கிற இடம் எங்க பழைய மலைக்குப் போற ரோடு" என்றார். நாங்கள் நின்றது சேறு வெடித்த கரையில். ரோடு எங்கே என்று கேட்டோம். தண்ணீருக்குள் கையை நீட்டினார். அன்றிலிருந்து படம் மாறிவிட்டது. தண்ணீரும் ஒரு தொழிற்சாலைதான், அதுவும் தேயிலைக்காரர்கள் நிலத்தின் மேலேயே கட்டிய தொழிற்சாலை என்பது அந்தக் கையைப் பார்த்த பிறகுதான் உறைத்தது.

காசல்ரீ இயற்கை ஏரிதானே?

இல்லை. அதிகம் பேர் கேட்கும் கேள்வி இது. எங்கள் ஊர்ப் பிள்ளைகளே கேட்கிறார்கள். கெஹெல்கமு ஓயா என்ற ஆற்றை மறித்துக் கட்டிய அணையின் பின்னால் தேங்கிய தண்ணீர் அது. அணை வேலைக்கு வந்தது 1965இல். என் அம்மாயி அதைவிட மூத்தவர். ஏரி இல்லாத பள்ளத்தாக்கில் அவர் விறகு பொறுக்கியிருக்கிறார். காசல்ரீ என்ற பெயரும் ஏரிக்கு வைத்த பெயர் அல்ல, அங்கிருந்த தோட்டத்தின் பெயர்.

டிக்கோயாவில் ஏரியைப் பார்த்தபடி வோர்லி கிறிஸ்து தேவாலயம் நிற்கிறதல்லவா, சுற்றுலாப் படங்களில் எல்லாம் வருமே, அது 1878ஆம் ஆண்டுக் கட்டடம். அதாவது ஏரியைவிட 87 வயது மூத்தது. கோப்பித் துரைமார் காலத்தில் அதைக் கட்டியபோது கீழே தெரிந்தது ஆறும் மேடுபள்ளமும்தான். இன்று அந்தக் காட்சியைப் பார்க்கிறவர்கள், ஏரிக்கரையில் அழகாக இருக்கும் என்று இடம் தேடிக் கட்டினார்கள் என்று நினைத்துக்கொள்கிறார்கள். நாங்களும் அந்தத் தேவாலயத்தை எடுத்திருக்கிறோம், ஆனால் ஏரி தெரியாத கோணத்திலிருந்து. அந்த ஒரு ஷொட்டுக்காக ஒரு காலை முழுக்கப் போனது.

மவுசாகலையில் மூழ்கிய ஊர் உண்மையா, கதையா?

உண்மை. பழைய மஸ்கெலியா நகரம் மவுசாகலை நீர்த்தேக்கத்துக்குள் போய்விட்டது. மஸ்கெலியா ஓயாவில் கட்டிய அந்த அணை 1969இல் முடிந்தது. இரண்டு நீர்த்தேக்கங்களில் இதுவே பெரியது. இப்போது நாம் மஸ்கெலியா என்று பஸ் ஏறிப் போகிற இடம் பிறகு மேட்டில் அமைத்த புது டவுன். வரட்சி கடுமையான வருடங்களில் தண்ணீர் இறங்கும்போது பழைய ஊர் தலை காட்டும். கோயில், விகாரை, பள்ளிவாசல் மூன்றின் எச்சங்களும் சேற்றிலிருந்து எழுந்து நிற்கும். அந்தச் செய்தி பரவினால் ஹட்டனிலிருந்து வான் பிடித்து ஆட்கள் வருவார்கள். ஐஸ்கிரீம்காரர் வருவார். கோயில் இருந்த இடத்தில் யாரோ ஒரு சூடத்தைக் கொளுத்திவிட்டுப் போவார்கள். சனம் செருப்பைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு சேற்றில் நடக்கும். படத்தில் அந்தச் செருப்புகளைத்தான் அதிக நேரம் காட்டியிருக்கிறோம்.

அந்த ஊரில் வாழ்ந்தவர்களைத் தேடியபோதுதான் இன்னொன்று புரிந்தது. ஆட்கள் அதிகம் இல்லை. முதுமையில் போனவர்கள் ஒரு பங்கு. மற்றப் பங்கு கடல் தாண்டிப் போய்விட்டது. 1948ஆம் ஆண்டின் பிரஜாவுரிமைச் சட்டம் இந்திய வம்சாவளித் தோட்டத் தமிழரான எங்கள் ஆட்களை நாடற்றவர்களாக்கியது. 1964 ஒக்டோபர் 30இல் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம். 525,000 பேர் இந்தியாவுக்கு, 300,000 பேருக்கு இலங்கைக் குடியுரிமை, மிச்சம் 150,000 பேரைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று இரண்டு அரசாங்கங்களும் பிரித்துக்கொண்டன. காலத்தைக் கவனியுங்கள். ஒரு பள்ளத்தாக்கில் 1965இல் தண்ணீர், அடுத்த பள்ளத்தாக்கில் 1969இல் தண்ணீர், அதே வருடங்களில் லயங்களில் "இந்தியாவா, சிலோனா" என்று மனு எழுதும் வேலை. ஊர் மூழ்கியதும் ஊர்க்காரர் கலைந்ததும் ஒரே காலம்.

கடைசியில் எங்களுக்குச் சாட்சி சொன்னவர் நீலகிரியில் கூடலூரில் இருக்கிற ஒரு தாத்தா. தாயகம் திரும்பியோர் என்று சொல்லிக் கொண்டுபோய் அங்கேயும் தேயிலைத் தோட்டத்திலேயே வேலை கொடுத்தார்கள். தொலைபேசியில் அவர் பழைய மஸ்கெலியாக் கடைத்தெருவை ஒரு முனையிலிருந்து மறுமுனை வரை சொல்லிக்கொண்டே போனார். தையற்கடை, ரொட்டிக்கடை, அடைவுகடை. அந்தக் குரலுக்கு மேல் நாங்கள் போட்டது வெறும் தண்ணீர்ப்பரப்பு மட்டும். நான்கு நிமிடம். நீளம் என்று சொல்கிறார்கள். குறைக்க மாட்டேன்.

அந்தத் தண்ணீர் அப்புறம் எங்கே போகிறது?

இந்தக் கேள்வியைக் கேட்டவர் தரம் 8 படிக்கும் ஒரு மாணவி. படம் எடுத்த எனக்கே அன்று முழுப் பதில் தெரிந்திருக்கவில்லை. பிறகு படித்தும் நடந்தும் தெரிந்துகொண்டேன்.

காசல்ரீத் தண்ணீர் மலைக்குள் குடைந்த சுரங்கத்தாலும் குழாயாலும் இறங்கி நோர்ட்டன்பிரிட்ஜில் விமலசுரேந்திர மின்நிலையத்தைச் சுழற்றுகிறது. 50 மெகாவாற். வெளியே வரும் தண்ணீரை நோர்ட்டன் குளம் பிடித்துக்கொள்கிறது. அங்கிருந்து மறுபடி குழாய், மறுபடி இறக்கம், பழைய லக்ஸபான மின்நிலையம். இதுதான் மூத்தது, 1950இல் தொடங்கியது. மற்றப் பக்கம் மவுசாகலைத் தண்ணீர் முதலில் கெனியன் மின்நிலையத்துக்கு, 60 மெகாவாற்; அப்புறம் புதிய லக்ஸபானவுக்கு. இரண்டு பக்கத் தண்ணீரும் லக்ஸபானக் குளத்தில் சந்தித்து ஒன்றாகப் பொல்பிட்டிய நிலையத்துக்குப் போகின்றன. அதற்கும் கீழே கித்துல்கலப் பக்கம் பிரோட்லண்ட்ஸ் என்ற 35 மெகாவாற் நிலையம் அண்மைக் காலத்தில் சேர்ந்தது. ஆக, காசல்ரீயில் நிற்கும் ஒரு குடம் தண்ணீர் கீழே போவதற்குள் நான்கு தடவை வேலை செய்கிறது. தோட்டத்துக் கணக்கில் சொன்னால் ஒரே நாளில் நான்கு "பேர்", அதாவது நான்கு நாள் வேலை, போடுகிறது.

கெஹெல்கமு ஓயாவும் மஸ்கெலியா ஓயாவும் சேர்ந்தால் அதற்குப் பெயர் களனி கங்கை. அது கொழும்புக்குப் போகிறது. அம்பத்தலையில் அதிலிருந்து எடுத்துச் சுத்திகரிக்கும் தண்ணீரைத்தான் கொழும்பில் குழாயைத் திறந்து குடிக்கிறார்கள். கொழும்பில் படத்தைக் காட்டியபோது இதைச் சொன்னேன். முன்வரிசையில் இருந்த ஒருவர் கையிலிருந்த தண்ணீர்ப் போத்தலை ஒரு தடவை பார்த்துக்கொண்டார். அது கடையில் வாங்கிய போத்தல், ஆனாலும் பார்த்தார்.

விமலசுரேந்திர யார்?

டி. ஜே. விமலசுரேந்திர. பொறியியலாளர். 1874இல் பிறந்தார். இந்த ஆறுகளில் விழும் தண்ணீரால் நாட்டுக்கே வெளிச்சம் கொடுக்கலாம் என்று 1918இல் இலங்கைப் பொறியியலாளர் சங்கத்தில் கட்டுரை வாசித்தவர். இளவயதில் இந்தப் பகுதிக்கு அவர் வந்ததே தங்கம் இருக்கிறதா என்று ஆராய்வதற்கு என்று சொல்லப்படுகிறது. தங்கம் இல்லாத இடத்தில் வேறொன்றைக் கண்டுகொண்டார். நுவரெலியா டவுனுக்காக 1912இல் பிளக்பூலில் ஒரு சின்ன நீர்மின் நிலையம் கட்டியவரும் அவரே.

லக்ஸபான வேலை 1920களில் தொடங்கி, பணமில்லை என்று நின்று, பெரிய இழுபறிக்குப் பிறகு 1950இல்தான் மின்சாரம் வந்தது. அவர் 1953இல் இறந்தார். மூன்று வருடம் பார்த்தார், அவ்வளவுதான். சுரங்கம் வெட்டியவர்களும் கல் சுமந்தவர்களும் யார் யார் என்று ஒரு பெயர்ப் பட்டியல் கிடைத்தால் படத்தில் போட்டிருப்போம். கிடைக்கவில்லை.

இவ்வளவு மின்சாரம் பக்கத்திலேயே பிறந்ததே, லயங்களில் எப்போது வெளிச்சம் வந்தது?

எல்லா லயத்துக்கும் ஒரே பதில் இல்லை. எங்கள் கதையைச் சொல்கிறேன். எங்கள் காம்பரா, அதாவது லயத்து அறை, பத்துக்குப் பன்னிரண்டு அடி. வாசலில் நின்றால் எதிர்மலையில் மின்கம்பிக் கோபுரங்கள் தெரியும். நான் தரம் 5 புலமைப்பரிசில் பரீட்சைக்குப் படித்தது குப்பி விளக்கில். அம்மா நாசியைத் துடைத்துவிட்டால் துணியில் கரி வரும். கரண்ட் வந்தது நான் தரம் 7இல் இருக்கும்போது. முதல் நாள் இரவு யாரும் தூங்கவில்லை. அப்பா பல்பை அணைக்க விடவேயில்லை, "போனா வராது" என்றார்.

படத்தில் இதை நான் சொல்லவில்லை. ஒரு குப்பி விளக்கைக் கழுவி வெயிலில் வைக்கும் கையை மட்டும் காட்டினோம். அது என் அம்மாவின் கை. எதற்கு இன்னும் வைத்திருக்கிறார் என்று கேட்டால், மழைக்காலத்துக்கு என்பார்.

கொழுந்து பறிக்கும் பெரியம்மா நடிக்கிறாரா?

இல்லை. கமராவைப் பார்க்க வேண்டாம் என்றுகூட நாங்கள் சொல்லவில்லை. அவருக்கு நேரமில்லை, பார்க்கவில்லை. முதல் நாள் நான் குறுக்கே நின்றபோது "நெறைய விட்டு நகரு சாமி" என்றார். நெறை என்றால் நிரை, கொழுந்து எடுக்கும் வரிசை. அதையும் படத்தில் வைத்திருக்கிறோம்.

காலையில் ஆள் கணக்கெடுக்கும் பிரட்டுக்களத்தில் பேர் கொடுத்து, இடுப்பில் படங்கு கட்டி, கூடையை முதுகில் போட்டுக்கொண்டு மலைக்கு ஏறுகிறார். நிரை பிடித்தபின் கை மட்டும்தான் பேசும். இரண்டு இலையும் ஒரு மொட்டும் என்று பாடப்புத்தகத்தில் எழுதுகிறார்கள். அந்த வேகத்தில் விரல்கள் எண்ணுவதில்லை, முற்றிய இலையின் கடினத்தை விரல்நுனி தானாக விலக்குகிறது. மட்டம் கெடாமல் பறிக்க வேண்டும். அட்டை கடிக்கும், தட்டிவிட நேரம் இருக்காது. பிறகு கொழுந்து நிறுக்கும் மடுவத்தில் தராசு. ஒரு முழுப்பேருக்கு, அதாவது முழு நாட்சம்பளத்துக்கு, 18 கிலோ, 20 கிலோ என்று தோட்டத்துக்குத் தோட்டம் ஒரு கணக்கு உண்டு. குறைந்தால் அரைப்பேர். ஈரம், கூடை என்று கழிப்பும் உண்டு. மடுவத்துக் காட்சியில் யாரும் பேசுவதில்லை என்று ஒரு பார்வையாளர் கவனித்துச் சொன்னார். உண்மைதான். முள் நிற்கும்வரை யாரும் பேசமாட்டார்கள்.

ஒரு கிலோ தேயிலைத்தூளுக்கு ஏறத்தாழ நாலரை கிலோவுக்கு மேல் பச்சைக் கொழுந்து வேண்டும். 18 கிலோ என்றால் கிட்டத்தட்ட நான்கு கிலோ தூள். கோப்பைக்கு இரண்டு கிராம் என்று போட்டால் இரண்டாயிரம் கோப்பை. பெரியம்மாவிடம் இதைக் கணக்குப் போட்டுச் சொன்னேன். சிரித்தார். அவர் வீட்டில் குடிப்பது பாலில்லாத சாயத்தேத்தண்ணி, அதுவும் டஸ்ட் என்ற பொடித்தூளில்.

தொழிற்சாலைக் காட்சி ஏன் ஒரே இரவில் நடக்கிறது?

தேயிலை இரவில்தான் தேயிலையாகிறது. மாலையில் வந்த கொழுந்தைத் தொட்டிகளில் பரப்பிக் காற்று விடுவார்கள். பன்னிரண்டு மணித்தியாலம், மழைநாளில் அதற்கும் மேல். இலை வாடித் துணி மாதிரித் துவளும். பழைய ஸ்டோர்கள், அதாவது தொழிற்சாலைகள், நான்கு மாடியும் நூறு ஜன்னலுமாக இருப்பது இதற்குத்தான்; அந்தக் காலத்தில் மேல்மாடிகளில் சணல் படங்கைத் தட்டுத்தட்டாகக் கட்டி அதில் இலையை வாட்டினார்கள். விடியற்காலையில் றோலர். இலை நசுங்கிச் சாறு வெளியே வரும். அதைப் பரப்பி வைத்தால் காற்றுப்பட்டுப் பச்சை போய்ச் செம்பு நிறம் வரும். அந்த நேரத்தில் தொழிற்சாலையில் வரும் வாசனையைக் கமராவில் பிடிக்க முடியவில்லை என்பதுதான் இந்தப் படத்தில் எனக்கிருக்கும் உண்மையான வருத்தம். எந்த நிமிடத்தில் நிறுத்துவது என்பது அதிகாரியின் மூக்குக்குத்தான் தெரியும். அப்புறம் சூட்டடுப்பு, சலிப்பு, ரகம் பிரிப்பு. பி.ஓ.பி., பி.ஓ.பி.எஃப்., டஸ்ட்.

சூட்டடுப்புக்கு விறகு, றோலருக்கு மின்சாரம். மின்மோட்டார் வருவதற்கு முன்னர் பல தோட்டங்கள் சொந்த ஓடையில் நீர்ச்சில்லு வைத்து இயந்திரம் ஓட்டின. தண்ணீரால் தொழில் நடத்துவது இந்த மலைக்குப் புதிதல்ல, பெரிய அணை வந்தபின் தண்ணீர் தோட்டத்தைத் தாண்டி வேறு இடத்துக்கு உழைக்கப் போனது.

சம்பளப் பிரச்சினையை ஏன் நேரடியாகப் பேசவில்லை?

தொழிற்சங்கக்காரர் ஒருவர் கோபத்தோடு கேட்டார். நியாயமான கோபம். தொகையைச் சொன்னால் படம் சீக்கிரம் பழசாகிவிடும் என்று நினைத்தோம். பல வருடப் போராட்டத்துக்குப் பிறகு நாட்சம்பளம் 2021இல் 1,000 ரூபா, 2024இல் 1,350 ரூபா என்று ஆனது. அதற்குள் அரிசி விலை எங்கே போனது என்பது உங்களுக்கே தெரியும். படத்தில் ஒரு அக்கா சம்பளத்துண்டைக் கையில் வைத்துக்கொண்டு கழிவுகளை ஒவ்வொன்றாக வாசிக்கிறார். கோயில் காசு, சந்தா, முற்பணம், இன்னும் இரண்டு மூன்று. மொத்தத் தொகையை அவர் வாசிக்கவில்லை, நாங்களும் கேட்கவில்லை. இப்போது யோசித்தால், கேட்டிருக்கலாம் என்றுதான் படுகிறது.

இலங்கைத் தேயிலை முழுவதும் இந்த மலைகளிலிருந்துதானா?

அப்படித்தான் பலரும் நினைக்கிறார்கள், விளம்பரங்களும் அப்படித்தான் காட்டுகின்றன. உண்மையில் இன்று அதிகம் விளைவது தாழ்நிலத்தில், காலி, மாத்தறை, இரத்தினபுரிப் பக்கங்களில், பெரும்பாலும் சிறு தோட்டக்காரர்கள் கையில். மலை குறைவாகத்தான் கொடுக்கிறது, மணமாகக் கொடுக்கிறது. 2021இல் இரசாயன உரத்துக்குத் தடை வந்தபோது இரண்டு இடமும் அடிபட்டன. அந்த வருடம் சுமார் 30 கோடி கிலோவாக இருந்த நாட்டின் விளைச்சல் அடுத்த வருடம் சுமார் 25 கோடிக்கு இறங்கியது. தடையை அதே வருடக் கடைசியில் எடுத்துவிட்டார்கள். செடிக்கு அது தெரியாதே.

எந்த மாதங்களில் எடுத்தீர்கள்? சில காட்சிகளில் ஏரி நிறைந்தும் சிலவற்றில் வற்றியும் இருக்கிறது.

இரண்டு தடவை போனோம். ஒன்று பெப்ரவரி, மற்றது ஜூலை. பெப்ரவரியில் பகல் வெயில், இரவு கடுங்குளிர், காய்ந்த காற்று. கொழுந்து குறைவு, ஆனால் இந்த மேற்குச் சரிவுத் தேயிலைக்கு வருடத்தின் நல்ல வாசனை வருவது ஜனவரியிலிருந்து மார்ச் வரைதான். அதே மாதங்களில் ஏரி இறங்கிக்கொண்டே போகும். ஏரி மெலியும்போது தேயிலை மணக்கும் என்று படத்தில் ஒரு கங்காணி சொல்கிறார். யாரும் எழுதிக் கொடுக்கவில்லை. ஜூலையில் தென்மேல் பருவமழை. தண்ணீர் விளிம்புக்கு வந்து நிற்கும், சில வருடம் அணை வழிந்து வான் பாயும். கொழுந்து குவியும், மணம் குறையும்.

சிவனொளிபாதமலைக்குப் போகிறவர்கள் டிசம்பர் பௌர்ணமியிலிருந்து வெசாக் வரைக்கும் மஸ்கெலியா வழியாக நல்லதண்ணிக்குப் போவார்கள். ஆகவே அவர்களில் அதிகம் பேர் பார்ப்பது இறங்கிய ஏரியை. முகில் பிடித்த ஜூலை ஏரியைப் பார்ப்பவர்கள் நாங்கள் மட்டும்.

ட்ரோன் காட்சிகள் ஏன் இல்லை?

பதிவு, அனுமதி, அணைக்கட்டுப் பாதுகாப்பு என்று பெரிய வேலை. அதைவிட, எங்களிடம் ட்ரோன் இல்லை. சரி, இருந்தாலும் போட்டிருக்க மாட்டேன் என்றுதான் நினைக்கிறேன். மேலிருந்து பார்த்தால் தேயிலைமலை பச்சைக் கம்பளம் மாதிரித்தான் தெரியும். கம்பளம் என்று யாராவது எழுதினால் எங்கள் பெரியம்மாவுக்கு முட்டி வலிக்கும்.

பின்னணி இசை ஏன் இல்லை?

ஒரே ஓர் இடத்தில் தப்பு மேளச் சத்தம் வரும். அது தோட்டத்து ஆட்கள் ஆடும் காமன் கூத்து நடந்த இரவில் பக்கத்து மலையிலிருந்து கேட்டது. ஏரிக்கு மேலால் வந்ததால் கொஞ்சம் பிந்தி, கொஞ்சம் நனைந்து கேட்கும். மற்றபடி கொழுந்து ஒடியும் சத்தம், றோலர், மழை. என் நண்பன் மூன்று இரவு றோலருக்குப் பக்கத்தில் படுத்துத்தான் அந்த ஒலியைப் பிடித்தான்.

"பேர்", "பிரட்டு", "மடுவம்" எல்லாம் புரியவில்லை. ஏன் பொதுத் தமிழில் பேசவைக்கவில்லை?

யாழ்ப்பாணத்திலும் கேட்டார்கள், சென்னையிலிருந்தும் கேட்டார்கள். பிரட்டு என்பது காலையில் ஆள் கணக்கெடுத்து வேலை பிரிக்கும் கூட்டம். பேர் என்பது ஒரு நாள் வேலைக்குப் பதியும் பெயர், அதாவது ஒரு நாட்சம்பளம். மடுவம், கொழுந்து நிறுக்கும் கொட்டகை. கவ்வாத்து, செடியை வெட்டித் தாழ்த்துவது. கொந்தரப்பு, ஒப்பந்த வேலை. புள்ளகாம்பரா, தாய்மார் மலைக்குப் போகும்போது குழந்தைகளை விடும் அறை. இவ்வளவுதான். இருநூறு வருடமாக இந்தச் சொற்களில்தான் எங்கள் ஆட்கள் வாழ்ந்திருக்கிறார்கள். அவர்கள் வாயில் வேறு தமிழை வைத்தால் அவர்களே சிரித்துவிடுவார்கள்.

1974 விமான விபத்தை ஏன் சேர்க்கவில்லை?

1974 டிசம்பர் 4இல் ஹஜ் பயணிகளை ஏற்றி வந்த மார்ட்டின்எயார் விமானம் ஏழுகன்னி மலையில் மோதி, அதில் இருந்த 191 பேரும் இறந்தார்கள். இந்தோனேசியாவின் சுராபாயாவிலிருந்து புறப்பட்டு, கொழும்பில் இறங்கிவிட்டுப் போக வேண்டிய விமானம். நோர்ட்டன்பிரிட்ஜில் நினைவுச்சின்னம் இருக்கிறது. எங்கள் வீட்டிலும் அந்த இரவைப் பற்றிப் பேசுவார்கள். அதற்குத் தனிப்படம் வேண்டும். 24 நிமிடத்துக்குள் அவர்களையும் ஓர் ஓரத்தில் நிறுத்திவைக்க மனம் வரவில்லை.

சிறுத்தை வரும் காட்சி உண்மையா?

கால்தடம் மட்டும்தான் உண்மை, சிறுத்தையை நாங்கள் பார்க்கவில்லை. தேயிலைக்குள் அவை இருக்கின்றன. 2020 மே மாதம் நல்லதண்ணிப் பக்கம் பன்றிக்கு வைத்த கம்பிச் சுருக்கில் ஒரு கருஞ்சிறுத்தை மாட்டிப் பிறகு இறந்தது பலருக்கு நினைவிருக்கும்.

ஏரியைப் பார்க்க வர வேண்டும். எப்படி வருவது, குளிக்கலாமா?

கொழும்பிலிருந்து பதுளை ரயிலில் ஹட்டனில் இறங்குங்கள். அங்கிருந்து நோர்வூட், பொகவந்தலாவ, மஸ்கெலியா பஸ்கள் ஓடுகின்றன. குளிக்க வேண்டாம். கரை திடீரென்று ஆழமாகும், அடியில் சேறும் பழைய மரமும் இருக்கும், சில வருடத்துக்கு ஒரு தடவை மூழ்கிப்போன ஒரு பிள்ளையைத் தூக்கி வருவார்கள். பிளாஸ்டிக் தட்டைக் கரையில் விட்டுவிட்டும் போகாதீர்கள். பெப்ரவரியில் தண்ணீர் இறங்கும்போது முதலில் தெரிவது கோயில் அல்ல, அந்தத் தட்டுகள்தான். லயத்துப் பக்கம் போனால் கேட்டுவிட்டுப் படம் எடுங்கள். வாசலில் உட்கார வைத்துத் தேத்தண்ணி கொடுப்பார்கள், மறுக்காதீர்கள்.

எங்கள் பாடசாலையில் திரையிடலாமா?

தாராளமாக. காசு வேண்டாம். வெள்ளைச் சுவர் அல்லது ஒரு போர்வை, ஒரு ஸ்பீக்கர் இருந்தால் போதும். புரொஜெக்டர் நாங்கள் கொண்டுவருகிறோம். மழைக்காலமாக இருந்தால் பகலிலேயே வைத்துக்கொள்வது நல்லது. போன ஜூலையில் ஏரிக்கரைத் தோட்டம் ஒன்றில் படம் ஓடிக்கொண்டிருக்கும்போது காற்றுக்கு மரம் விழுந்து கரண்ட் போய்விட்டது. சரியாக லக்ஸபானக் காட்சி. மண்டபம் முழுக்கச் சிரித்தது. ஒரு அம்மா எழுந்துபோய்க் குப்பி விளக்கு கொண்டுவந்து முன்னால் வைத்தார். மிச்சப் பதினொரு நிமிடத்தையும் நான் வாயால்தான் சொன்னேன்.